ஸ்ரூடியோவில் சைகை காட்டும் தம்பி மேடையில் பகிடி சொல்கிறார்: வேலையை விடச் சொல்வது சரியா?

மானிப்பாய்ப் பொடியன்:

போன கிழமை எங்கள் ஊர்க் கோயில் திருவிழா. இரவு நாதஸ்வரக் கச்சேரி முடிந்து, இசைக்குழுக்காரர் மேடையில் வயர் இழுத்துக்கொண்டிருந்தார்கள். சனம் கச்சான் வாங்கப் போவதும் வருவதுமாக இருந்தது. அந்த இடைவெளியில் ஒரு தம்பியை மேடையில் ஏற்றிவிட்டார்கள். முப்பது வயது இருக்கும். கறுப்புச் சேட்டு, கறுப்புக் காற்சட்டை, காதில் ஒரு பழைய ஹெட்செற். வேறு வேஷம் எதுவும் இல்லை.

அவர் இங்குள்ள ஒரு தொலைக்காட்சியில் ஃபுளோர் மனேஜர். தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். ஸ்ரூடியோவில் நிகழ்ச்சி நடக்கும்போது இயக்குநர் அங்கே இருக்க மாட்டார், கண்ணாடிக்கு அப்பால் கட்டுப்பாட்டு அறையில் இருப்பார். அவர் சொல்வது ஃபுளோர் மனேஜரின் காதில் விழும். அதை இவர் சத்தம் போடாமல் கையாலேயே அறிவிப்பாளருக்கும் விருந்தினருக்கும் சொல்ல வேண்டும். ஐந்து விரல் என்றால் இன்னும் ஐந்து நொடி. இரண்டு கையையும் ரப்பர் இழுப்பது போல விரித்தால் "இன்னும் கொஞ்சம் பேசுங்கோ". விரலைச் சுழற்றினால் "சுருக்குங்கோ". கழுத்துக்குக் குறுக்கே கையை இழுத்தால் "நிறுத்துங்கோ".

இந்தச் சைகைகள்தான் அவருடைய பகிடி முழுவதும். நேரலை நிகழ்ச்சி. பனையைப் பற்றிப் பேச ஒரு ஓய்வுபெற்ற ஐயா வந்திருக்கிறார். அவருக்கு எட்டு நிமிடம். பதினொரு நிமிடமாகியும் ஐயா நிறுத்தவில்லை. வலது காதில் இயக்குநர் கத்துகிறார், இடது காதில் ஐயாவின் பேச்சு. தம்பி இரண்டு குரலையும் மாறி மாறிப் பேசுகிறார், ஆனால் முகத்தில் அந்த மரியாதைச் சிரிப்பு மட்டும் மாறவே இல்லை. விரலைச் சுழற்றிக் காட்டுகிறார். ஐயா, "ஓம், தம்பி செக்கைப் பற்றிக் கேட்கிறார்" என்று செக்குக்குப் போகிறார். கழுத்துக்குக் குறுக்கே கையை இழுக்கிறார். "ஓமோம், பாளை சீவுவதைப் பற்றியும் கட்டாயம் சொல்ல வேணும்." கடைசியில் இயலாமல் இரண்டு கையையும் கூப்பிக் கெஞ்சுகிறார். ஐயா உடனே எழும்பி, "வணக்கம், நேயர்களே!"

கச்சான் கடையடியில் நின்றவர்கள் கூடச் சுருளைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றுவிட்டார்கள். என் அம்மம்மா கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தா. அவ அப்படிச் சிரித்து நான் கண்டு கனகாலம்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். நிகழ்ச்சி முடிந்ததும் நாலைந்து பெரியவர்கள் அவரைச் சுற்றி நின்று, "அந்த வேலையை விட்டுவிட்டு முழுநேரமாக இதிலே இறங்கும், தம்பி" என்று சொன்னார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. ஏன் என்று அந்த இடத்தில் சொல்ல முடியாமல் நின்றேன். உங்கள் கருத்தைச் சொல்லுங்கள்.

நெல்லியடி 750:

பெரியவர்கள் சொன்னது சரிதான். இவ்வளவு திறமை உள்ளவர் ஏன் இருட்டில் நின்று மற்றவர்களுக்குக் கை காட்ட வேண்டும்? ஒரு கைபேசியும் நல்ல மைக்கும் இருந்தால் யூரியூப்பில் கிழமைக்கு ஒன்று போடலாம். திருவிழாக் காலத்தில் ஒவ்வொரு ஊரிலும் மேடை இருக்கிறது. வெளிநாட்டில் இருந்தும் அழைப்பு வரும். இரண்டு தோணியில் கால் வைத்தால் இரண்டும் போய்விடும்.

பழைய வானொலி நேயர்:

தம்பி நெல்லியடி, நீர் இருக்கும் பக்கத்திலேயே, கரவெட்டியிலேயே இதற்கு மறுமொழி இருக்கிறது.

கே. எஸ். பாலச்சந்திரன் கரவெட்டிக்காரர். அவருடைய 'அண்ணை றைற்' தனிநடிப்பை எங்கள் வயதில் கேட்காதவர் இல்லை. திருவிழா, பாடசாலை, கலியாண வீடு என்று எங்கும் ஒலிநாடா போட்டார்கள். ஒரு மனிதர் தனியே நின்று ஒரு பஸ் முழுவதையும் ஏற்றி இறக்கினார். அவர் அரசாங்க வேலை பார்த்தவர், வரித் திணைக்களத்தில். வேலை பார்த்துக்கொண்டேதான் வானொலியிலும் மேடையிலும் நடித்தார். 2014இல் கனடாவில் காலமானார்.

அதில் வரும் ஆள் யார் என்று யோசித்துப் பாரும். கொண்டக்டர். பஸ்ஸை ஓட்டுபவரும் இல்லை, பயணம் போகிறவரும் இல்லை. இருவருக்கும் நடுவில் நிற்பவர். பின்னால் ஏறும் சனத்தோடு கதைக்க வேண்டும், முன்னால் சாரதிக்கு "அண்ணை, றைற்!" என்று சொல்ல வேண்டும். அவர் சொன்னால்தான் பஸ் நகரும். ஆனால் பஸ்ஸை ஓட்டியது அவர் என்று ஒருவரும் சொல்வதில்லை. அந்த நடு இடத்தில் நிற்பவனுக்குத்தான் இரண்டு பக்கமும் தெரியும், பகிடியும் அங்கேதான் பிறக்கிறது. நீங்கள் சொல்லும் ஃபுளோர் மனேஜரும் அதே இடத்தில்தான் நிற்கிறார். ஒரு காதில் இயக்குநர், மறு காதில் விருந்தினர். இவர் கை காட்டினால்தான் நிகழ்ச்சி நகரும்.

இன்னொருவரையும் சொல்ல வேண்டும். இலங்கை வானொலியில் 'சானா' என்று எல்லோரும் அழைத்த சண்முகநாதன். அவர் நாடகத் தயாரிப்பாளர். நடிகரைத் தேர்ந்தெடுப்பது, பழக்குவது, ஒலிப்பதிவைக் கவனிப்பது எல்லாம் அவர் வேலை. அதே ஆள்தான் 'லண்டன் கந்தையா'வில் கந்தையராக நடித்து வீட்டுக்கு வீடு சிரிப்பு மூட்டினார். தயாரிப்பு வேலையால் நடிப்புக் கெட்டது என்றோ, நடிப்பால் தயாரிப்புக் கெட்டது என்றோ அந்தக் காலத்தில் ஒருவரும் சொல்லி நான் கேட்கவில்லை.

எனக்கு இது வெறும் பழங்கதை இல்லை. 1990க்குப் பிறகு யாழ்ப்பாணத்தில் மின்சாரம் இல்லாத வருடங்களில் நாங்கள் சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி டைனமோவைச் சுழற்றி வானொலி கேட்டோம். ஒருவர் பெடலைச் சுற்ற வேண்டும், மற்றவர்கள் கேட்பார்கள். நாடகம் என்றால் சுற்றுபவரும் சிரிப்பார், கை தளரும், குரல் இழுபடும். "சுற்றடா, சுற்றடா" என்று எல்லோரும் சேர்ந்து கத்துவோம். அன்று பெடல் சுற்றியவனை இன்றும் பெயர் சொல்லி நினைத்துக்கொள்கிறோம். பின்னால் நின்று ஒன்றை ஓட வைப்பவனுக்கு எங்கள் ஊரில் அந்த மதிப்பு இருந்தது.

வெட்டி ஒட்டும் அக்கா:

நான் எடிற்றிங் வேலை செய்பவள். பதின்மூன்று வருடமாக. இதை என் பக்கத்திலிருந்து சொல்ல வேண்டும், ஏனென்றால் பகிடியின் நேரக்கணக்கை எனக்குப் படிப்பித்தது இந்த வேலைதான்.

எங்கள் ஒளிபரப்பில் ஒரு நொடிக்கு 25 பிரேம், அதாவது 25 தனிப்படம். ஒருவர் பகிடி சொன்னவுடனே கேட்டவரின் முகத்துக்கு வெட்டினால் பார்க்கிறவருக்குப் பகிடி விளங்கவே நேரம் இருக்காது. பிந்தி வெட்டினால் சிரிப்பு ஆறிவிடும். ஐந்து பிரேம் முன்னே, ஐந்து பிரேம் பின்னே என்று நகர்த்தி நகர்த்திப் பார்ப்பேன். ஐந்து பிரேம் என்பது நொடியில் ஐந்தில் ஒரு பங்குதான். ஆனால் ஒரு இடத்தில் சிரிப்பு வரும், அடுத்த இடத்தில் வராது. இதை எந்தப் புத்தகத்தில் படித்தாலும் கைக்கு வராது. நூறு தரம் வெட்டிப் பார்த்தால் வரும்.

மேடையில் வெட்டு இல்லை. அங்கே பேசுபவரே எடிற்றர். சனம் சிரிக்கத் தொடங்கும், ஏறும், உச்சிக்குப் போகும், இறங்கும். இறங்கத் தொடங்கும்போது அடுத்த வசனத்தை எடுக்க வேண்டும். உச்சியில் எடுத்தால் வசனம் கேட்காது. முழுதாக அடங்கவிட்டால் திரும்பவும் பூச்சியத்திலிருந்து தொடங்க வேண்டியிருக்கும்.

நான் அந்தத் தம்பியை இரண்டு தரம் பார்த்திருக்கிறேன், ஒரு தரம் வெளிவீதியில். வீதி நீளம். தூரத்தில் நிற்கும் சனத்தின் சிரிப்பு மேடைக்கு வந்து சேர நேரம் எடுக்கும். நூறு மீற்றருக்கு நொடியில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு. முன்வரிசையில் இருந்து ஒரு அலை, பிறகு கடைப்பக்கத்தில் இருந்து இன்னொரு அலை. வழமையாக மேடையில் பேசுபவர்கள் முதல் அலை ஓய்ந்ததும் பேசிவிடுவார்கள், பின்னால் நிற்பவர்களுக்கு அடுத்த வசனம் போய்விடும். இந்தத் தம்பி இரண்டாவது அலைக்கும் நின்று காத்திருந்தார். எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. காதில் வேறொரு இடத்துச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டே கண் முன்னால் நடப்பதைக் கவனிக்க வருடக்கணக்காகப் பழகிய ஆளுக்குத்தான் அது கைவரும்.

அப்படியென்றால் வேலையை விட்டால் அந்தக் காதும் மெல்ல மெல்லப் போய்விடும். அதுதான் என் பயம்.

நெல்லியடி 750:

அக்கா, கைப்பழக்கம் ஒரு தரம் வந்தால் போகாது. சைக்கிள் ஓடப் பழகினவன் மறப்பதில்லை.

ஐயா சொன்ன பாலச்சந்திரன் காலத்தில் அரசாங்க வேலைக்குப் பென்சன் இருந்தது. தொலைக்காட்சி வேலைக்கு என்ன இருக்கிறது? நேரகாலம் இல்லாத வேலை. விடிய நாலு மணிக்கும் போக வேண்டும், திருவிழா நேரலை என்றால் நடுச்சாமமும் ஆகும். சம்பளத்தைப் பற்றிக் கதைக்கவே வேண்டாம். அந்தக் களைப்போடு ஒருவர் எப்போது எழுதுவார், எப்போது ஒத்திகை பார்ப்பார்? நான் அவருடைய நன்மைக்குத்தான் சொல்கிறேன்.

கூத்துக்கார வீட்டுப் பிள்ளை:

நெல்லியடி அண்ணை சொல்லும் களைப்பு உண்மை. ஆனால் "இருட்டில் நின்று கை காட்டுவது" என்று சொன்னதுதான் எனக்கு வலித்தது.

எங்கள் வீட்டில் மூன்று தலைமுறை கூத்து. அப்பப்பா அண்ணாவியார், கூத்தைப் பழக்கி நடத்துபவர். கூத்தில் அண்ணாவியார் எங்கே நிற்பார் என்று பார்த்திருப்பீர்கள். ஓரத்தில், பிற்பாட்டுக்காரரோடு, தாளத்தோடு. ராசா வேஷம் கட்டியவருக்கு அடி மறந்தால் எடுத்துக் கொடுப்பவர் அவர். ஆட்டம் தளர்ந்தால் தாளத்தைக் கூட்டி ஏற்றுபவரும் அவர். எல்லாப் பாத்திரத்தின் பாட்டும் அவருக்குப் பாடம். எங்கள் அப்பப்பா ஒரு முறை, கட்டியக்காரன் வேஷம் கட்ட வேண்டியவர் காய்ச்சலில் விழுந்ததால், தானே சால்வையைத் தலையில் கட்டிக்கொண்டு இறங்கினார். அன்றைக்குச் சனம் சிரித்த சிரிப்பை அப்பா இன்றும் சொல்வார். ஆடி முடிந்ததும் பழையபடி ஓரத்துக்குப் போய்த் தாளத்தை எடுத்துக்கொண்டார். "இனி அங்கேயே நில்லுங்கோ" என்று ஒருவரும் சொல்லவில்லை. அவர் ஓரத்தில் இல்லாவிட்டால் கூத்தே இல்லை என்று எல்லோருக்கும் தெரியும்.

ஸ்கார்பரோ சித்தி:

வணக்கம் பிள்ளைகள். வாசிக்க வாசிக்க ஊருக்கு வந்தது போல இருக்கிறது.

இங்கே கனடாவுக்கு வந்த புதிதில் இரவு வேலை முடிந்து வந்து அமெரிக்கத் தொலைக்காட்சியில் டேவிட் லெட்டர்மனின் நிகழ்ச்சி பார்ப்பேன். ஆங்கிலம் முழுக்க விளங்காத காலம். அதிலே பிஃப் ஹென்டர்சன் என்று ஒருவர் வருவார். நடிகர் இல்லை, அந்த நிகழ்ச்சியின் ஸ்ரேஜ் மனேஜர். காதில் ஹெட்செற். அவரை ஊர் ஊராக அனுப்பிச் சனத்தோடு கதைக்க விட்டுப் படம் பிடிப்பார்கள். அவர் பகிடி சொல்ல முயற்சி செய்ய மாட்டார். தன் பாட்டில் சாதாரணமாக நிற்பார், சாதாரணமாகக் கேட்பார். அதுதான் சிரிப்பு. ஆனால் அந்த வேலையை அவர் விட்டுவிடவில்லை. பல வருடம் இரண்டையும் செய்தார்.

தமிழிலும் இருக்கிறது. நடிகர் யோகி பாபு 'லொள்ளு சபா' என்ற தொலைக்காட்சி நகைச்சுவை நிகழ்ச்சியில் முதலில் பின்னால் நின்று உதவி செய்தவர், இடைக்கிடை சின்ன வேஷத்திலும் வந்தார். அவர் பிறகு முழுக்கச் சினிமாவுக்குப் போனார், அதுவும் நல்லதுதான். ஆகவே விட்டுப் போகவே கூடாது என்று நான் சொல்ல மாட்டேன். போவதா நிற்பதா என்று அந்தப் பிள்ளைதான் தீர்மானிக்க வேண்டும். சுற்றி நின்று தள்ளக் கூடாது.

மானிப்பாய்ப் பொடியன்:

நேற்று முழுக்க இதைத்தான் யோசித்தேன். வானொலி ஐயா சொன்ன "நடுவில் நிற்பவர்" என்ற சொல்தான் நான் தேடினது. அந்தப் பகிடியில் தம்பி ஐயாவையும் கேலி செய்யவில்லை, இயக்குநரையும் கேலி செய்யவில்லை. ஐயாவுக்குப் பனைமேல் அவ்வளவு ஆசை, இயக்குநருக்கு நேரம் போகிறதே என்ற பதற்றம். இரண்டும் நியாயம். இடையில் நிற்பவருக்கு இரண்டு பேரிலும் இரக்கம் இருக்கிறது. அதனால்தான் அம்மம்மாவும் சிரித்தா, முன்வரிசையில் இருந்த ஓய்வுபெற்ற அதிபர் ஒருவரும் சிரித்தார். இப்போது வரும் கனக்கப் பகிடிகள் ஒருவரின் நிறத்தையும் உடம்பையும் பேச்சையும் பிடித்துக்கொண்டு தொங்குகின்றன. எங்கள் பிள்ளைகள் இந்தியத் தொலைக்காட்சியைப் பார்த்து அதையே திருப்பிச் செய்கிறார்கள், பேச்சு கூட எங்கள் பேச்சாக இல்லை. இவருடைய பகிடியில் செக்கும் பாளையும் வந்தன.

நண்பர் ஒருவர் மூலம் இந்த இழையை அவருக்கு அனுப்பிவிட்டேன். வாசித்துவிட்டாராம்.

ஹெட்செற்:

வணக்கம். நீங்கள் கதைத்துக்கொண்டிருக்கும் ஆள் நான்தான். இவ்வளவு பேர் இவ்வளவு அக்கறையாக எழுதியதை வாசித்து இரவு நித்திரை வரவில்லை. ஒவ்வொருவருக்கும் நன்றி.

நெல்லியடி அண்ணை, நீங்கள் சொன்ன களைப்பு சரி. போன வருடம் திருவிழா நேரலைகளில் தொடர்ந்து ஒன்பது நாள் நின்று காலில் வீக்கம் வந்தது. அந்த நேரத்தில் எழுத முடியாது. நான் எழுதுவது பஸ்ஸிலும், படப்பிடிப்புக்கு லைற் கட்டும்வரை காத்திருக்கும் நேரத்திலும்தான். அறிவித்தல் தாளின் பின்பக்கத்தில் எழுதி வைப்பேன். பனை ஐயா கதை அப்படி ஒரு தாளின் பின்பக்கத்தில் பிறந்தது. ஆள் உண்மை ஆள் இல்லை, ஏழெட்டுப் பேரைச் சேர்த்துச் செய்தேன். சைகையைத் தவறாக விளங்கிக்கொண்டது மட்டும் உண்மை. சுருக்கச் சொல்லி விரலைச் சுழற்றினேன், ஒரு அம்மா தலையைத் தொட்டுப் பார்த்துக் கொண்டையைத் திருப்பிக் கட்டினா. அன்றைக்கு நான் சிரிக்க முடியாது, நேரலை. அடக்கின அந்தச் சிரிப்புத்தான் பிறகு மேடைக்கு வந்தது.

ஆகவே வேலையை விடும் எண்ணம் எனக்கு இல்லை. சம்பளத்துக்காக மட்டும் அப்படிச் சொல்லவில்லை. நான் அந்த வேலையை நேசிக்கிறேன். முதல் தடவை கமராவுக்கு முன் வரும் பிள்ளையின் கை நடுங்கும். கமராவின் சிவப்பு லைற் எரிவதற்கு முன் அந்தப் பிள்ளை என்னைத்தான் பார்க்கும். நான் ஐந்து, நான்கு, மூன்று என்று சொல்லி, கடைசி இரண்டையும் விரலால் மட்டும் காட்டி, தலையை ஆட்டுவேன். நிகழ்ச்சி முடிந்ததும் ஓடி வந்து "அண்ணா, சரியா?" என்று கேட்கும். மேடையில் ஆயிரம் பேர் கைதட்டினாலும் அந்தக் கேள்வி கிடைக்காது.

சிக்கலும் இருக்கிறது. மறைக்க மாட்டேன். பகிடி பரவின பிறகு ஒரு நாள் ஸ்ரூடியோப் பார்வையாளருக்கு அமைதி என்று கை காட்டினேன், எல்லோரும் சிரித்துவிட்டார்கள். இரண்டாம் தரம் எடுக்க வேண்டி வந்தது. எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. இப்போது பதிவு தொடங்க முன் ஐந்து நிமிடம் அவர்களோடு கதைத்து, ஒரு சின்னப் பகிடி சொல்லிச் சிரிக்க விடுகிறேன். பிறகு, "இனி நான் வேலைக்காரன்" என்று சொன்னால் அடங்கிவிடுவார்கள்.

என் மனதில் இருக்கும் குறை வேறு. ஒரு இடத்தில் இசைக்குழுவுக்குக் காசு பேசிக் கொடுத்தார்கள், என்னிடம் "நீங்கள் இடைவெளிதானே, தம்பி" என்று ஒரு பொன்னாடையைப் போர்த்தி அனுப்பினார்கள். போக வர வாடகை என் கையால். இன்னொரு இடத்தில் நோட்டீசில் "நகைச்சுவை" என்று மட்டும் போட்டிருந்தது, பெயர் இல்லை. தொலைக்காட்சியிலும் கடைசியில் ஓடும் எழுத்தில் எங்கள் பெயர் வரும்போது விளம்பரத்துக்காக அந்த எழுத்தைச் சுருக்கிவிடுவார்கள். ஒலி பிடிக்கும் அண்ணையின் அம்மாவுக்குக் கண் மங்கல். ஒவ்வொரு தரமும் பெட்டிக்குக் கிட்டப் போய் நிற்பாவாம், மகனின் பெயரை வாசிக்க. ஒரு நாளும் வாசித்து முடிந்ததில்லை. வேலையை விடு என்று சொல்லும் பெரியவர்கள் அன்பில் சொல்கிறார்கள், எனக்குத் தெரியும். அதற்குப் பதிலாக அந்த எழுத்தைக் கொஞ்சம் மெதுவாக ஓட விடச் சொல்லி எங்களோடு சேர்ந்து கேட்டால் எங்கள் குழுவில் எல்லோருக்கும் ஆறுதலாக இருக்கும்.

நெல்லியடி 750:

தம்பி, "இருட்டில் நின்று கை காட்டுவது" என்று எழுதியதற்கு மன்னிக்க வேண்டும். கூத்துக்கார வீட்டுப் பிள்ளையும் மன்னிக்க வேண்டும். எங்கள் வாசிகசாலை ஆண்டு விழா ஆவணியில். இடைவெளிக்கு இல்லை, நிகழ்ச்சி நிரலில் தனியாக இருபது நிமிடம். பேசின காசு, போக்குவரத்து, நோட்டீசில் பெயர். நான் செயற்குழுவில் இருக்கிறேன், இதை நானே கேட்டு எடுப்பேன்.

வெட்டி ஒட்டும் அக்கா:

நானும் கமராவோடு வருகிறேன், காசு வேண்டாம். முன்னால் ஒரு மைக், கடைசி வரிசையில் ஒரு மைக் வைத்து இரண்டு சிரிப்பையும் தனித்தனியே எடுக்க வேண்டும் என்று எனக்கு ஆசை. கடைசியில் எழுத்தை நான்தான் ஓட விடுவேன். தம்பி, உங்கள் பெயரையும், ஒலி பிடிக்கும் அண்ணையின் பெயரையும், அன்றைக்கு லைற் கட்ட வருபவரின் பெயரையும் எப்படி எழுத வேண்டும் என்று அனுப்புங்கள். பெரிய எழுத்தில் போடுகிறேன். அந்த அம்மா இருந்த இடத்திலிருந்தே வாசிக்கட்டும்.